இலந்தைக்குளத்துப் பொந்து

மழைக்காலத்தில் எங்கள் கடைக்குத் தபால் ஈரமாகத்தான் வரும்.

மதியம், அப்பா சாப்பிட்டுவிட்டுக் கண்ணயரப் போன நேரம் பார்த்து, தபால்காரர் காக்கிக் கால்சட்டையை முழங்காலுக்கு மேல் சுருட்டிக்கொண்டு தாராவிச் சந்துக்குள் தண்ணீரை அளைந்தபடி வருவார். மராட்டியர். நாங்கள் அவரை மாமா என்போம். மராட்டியிலும் மாமா மாமாதான் என்பதால் யாருக்கும் சிரமமில்லை. பிளாஸ்டிக் தாளில் சுற்றிய கட்டை அரிசி மூட்டை மேல் போட்டு, "சாம்பாள் பேட்டி" என்று சொல்லிவிட்டு, நான் கொடுக்கும் ஒரு வெல்லத் துண்டை வாயில் போட்டுக்கொண்டு போய்விடுவார். அவர் சொன்னதற்குப் 'பார்த்துக்கொள் மகளே' என்று அர்த்தம். நான் பார்த்துக்கொண்ட லட்சணத்தைத்தான் இந்த வாரம் எழுதப் போகிறேன்.

ஷாம்பு பாக்கெட் சரம் தொங்கும் கயிற்றில் அந்தக் கடிதங்களைத் துணி காயப்போடும் கிளிப் மாட்டித் தொங்கவிடுவேன். நீலநீலமாக இன்லேண்டு லெட்டர்கள். மின்விசிறிக் காற்றில் அவை படபடக்கும்போது கடை முழுக்க ஈரக் காகித வாசனையும் துவரம்பருப்பு வாசனையும் கலந்து ஒரு வாசம் வரும். இன்றைக்கும் மழை நாளில் பருப்பு டப்பாவைத் திறந்தால் எனக்கு அந்த மதியம் வந்துவிடுகிறது.

அப்படி ஒரு மதியம். ஒரு கடிதத்தின் பின்பக்கம் அனுப்புநர் பெயர் இல்லை. 'இலந்தைக்குளம்' என்று ஊர் மட்டும் ஊதா மையில். யாரோ அவசரத்தில் பெயர் எழுத மறந்துவிட்டார்கள் என்று நினைத்தேன். காய்ந்ததும் இலந்தைக்குளத்துப் பொந்தில் போட்டேன். முன்பக்கம் திருப்பி யாருக்கு என்று பார்க்கவில்லை.

பார்த்திருந்தால் இந்த வாரம் வேறு எதையாவது எழுதிக்கொண்டிருப்பேன்.

பதினாறு முருகன்கள்

போன வாரம் கடைத் தராசைப் பற்றி எழுதினேன். தராசுக்குப் பின்னால் சுவரில் இருந்ததை எழுதவில்லை. மறந்து போகவில்லை. வேண்டுமென்றேதான் தாண்டிப் போனேன்.

அங்கே இருந்தது ஒரு தேக்குமரப் பெட்டி. ஆள் உயரம். ஒரு வரிசைக்கு ஆறு என்று ஏழு வரிசைச் சதுரப் பொந்துகள். பம்பாய்க் கோட்டைப் பகுதியில் ஏதோ ஆபீசை மூடியபோது, பழைய சாமான் வாங்கி விற்கும் பங்கார்காரர் கைவண்டியில் கொண்டுவந்தார். மசாலா பொட்டலம் அடுக்க ஆகும் என்று அப்பா வாங்கினார். அடுக்குவதற்குள் தபால் வந்து உட்கார்ந்துகொண்டது.

எங்கள் சந்தில் பாதிப் பேருக்கு முகவரி கிடையாது. கோலி என்கிற ஒற்றை அறையில் பத்துப் பேர் முறை வைத்துத் தூங்குவார்கள். எல்லோருடைய கடிதமும் 'மேற்பார்வை: அண்ணாச்சி கடை' என்று எங்களுக்கு வரும். முருகன் என்று வந்தால் எந்த முருகன்? ஒரு சமயம் பதினாறு முருகன்கள் இருந்தார்கள். செல்வராஜ்களை எண்ணி மாளாது. ஒரு முருகனின் பெண்டாட்டி எழுதியதை இன்னொரு முருகன் பிரித்துப் படித்து, அடிதடியாகி, அப்பாவின் சட்டை கிழிந்தது.

மறுநாளே அப்பா ஒரு சட்டம் போட்டார். பெயரைப் பார்க்காதே, ஊரைப் பார். அனுப்பிய ஊர் எதுவோ அந்த ஊருக்கு ஒரு பொந்து. காலண்டர் தாளைக் கத்தரித்து, கருப்பு மையில் ஊர்ப் பெயர்களை எழுதி, பித்தளைச் சட்டங்களில் செருகினார். தன் ஊர்ப் பொந்தில் கைவிட்டு ஆளாளுக்குத் தன் கடிதத்தை எடுத்துக்கொள்ள வேண்டியது. ஒரே ஊர்க்காரனுக்குத் தெரியாதா எந்த முருகன் என்று?

சண்டை நின்றது என்று நினைக்காதீர்கள். "எங்க ஊரு பொந்து அவங்க ஊருக்குக் கீழயா இருக்கணும்?" என்று அடுத்த சண்டை ஆரம்பித்தது. அப்பா அகரவரிசையில் மாற்றி வைத்தார். அகரவரிசையே ஒருதலைப்பட்சம் என்று வேப்பங்காட்டுக்காரர்கள் ஒரு வாரம் எங்கள் கடையில் உப்புகூட வாங்கவில்லை.

கல்யாணமான பெண்களுக்கு மட்டும் இரண்டு பொந்து. புருஷன் ஊர் ஒன்று, பிறந்த ஊர் ஒன்று. அம்மா எழுதிய கடிதம் பிறந்த ஊர்ப் பொந்தில்தானே விழும்? ஆகவே இரண்டிலும் கைவிட்டுப் பார்ப்பார்கள். பிறந்த ஊர்ப் பொந்தில் ஏதாவது கிடைத்தால் அந்த முகங்கள் மாறுவதை ஒளிந்திருந்து பார்ப்பது எனக்குப் பொழுதுபோக்கு. பி.ஏ. ஆங்கிலம் முடித்துவிட்டு, வேலைக்கு மனுப் போட்டுவிட்டு, மதியம் இரண்டு மணி நேரம் கடையில் உட்கார்ந்திருந்த இருபத்திரண்டு வயதுக்காரிக்கு வேறு என்ன பொழுதுபோக்கு!

மகள் சொன்ன சொல்

இதெல்லாம் இப்போது கிளம்பியதற்குக் காரணம் என் மகள். தாணேயில் இருக்கிறாள். ஆபீஸ் வேலை, வாரம் ஒருமுறை போன். போன ஞாயிறு, மண்பாண்டம் செய்யும் வகுப்பில் சேர்ந்திருப்பதாகச் சொன்னாள். நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கவில்லை.

"நீ எதைத்தான் முழுசா முடிச்சிருக்க? வீணை பாதி, நீச்சல் பாதி."

"அரே அம்மா! டோன்ட் பிஜன்ஹோல் மீ!"

"பிஜன்ஹோலா?" என்று திரும்பக் கேட்டேன். கோபம் என்று அவள் நினைத்துக்கொண்டாள். கோபம் இல்லை. அந்தச் சொல்லைக் காதால் கேட்டு எத்தனையோ வருஷமாகிவிட்டது.

நான் கடையில் உட்கார்ந்திருந்த காலத்தில் அந்தப் பெட்டிக்கு இங்கிலீஷில் ஒரு பெயர் உண்டு என்றே எனக்குத் தெரியாது. நாங்கள் பொந்து என்போம், அவ்வளவுதான். பிற்பாடு கோட்டையில் ஒரு இன்ஷூரன்ஸ் ஆபீசில் வேலை கிடைத்துச் சேர்ந்த முதல் நாள், பார்சி மேலாளர் அம்மாள் ஒரு கத்தைக் காகிதத்தைக் கொடுத்து, "பிஜன்ஹோலில் போட்டுவிடு" என்றார். மாடியில் புறா வளர்க்கிறார்களோ என்று நான் முழித்தேன். அவர் விரல் காட்டிய இடத்தில், எங்கள் கடையில் இருந்ததற்கு அண்ணன் மாதிரி ஒரு பெட்டி நின்றது.

அன்று சாயங்காலமே அகராதியைப் புரட்டினேன். முதலில் அது நிஜமாகவே புறா வீடுதான். சீமையில் சுவரில் வரிசையாகப் பொந்து விட்டுக் கட்டுவார்களாம், புறா வந்து அடைய. நம் வீட்டு மாடத்தில் வந்து குடியிருந்ததால் மாடப்புறா என்று நாம் சொல்வது போலத்தான். பிறகு மேசையிலும் சுவரிலும் காகிதம் வைக்கிற சின்ன அறைகளுக்கு அந்தப் பெயர் வந்தது. அதற்கும் பிறகு, ஒரு விஷயத்தை 'அப்புறம் பார்க்கலாம்' என்று உள்ளே தள்ளிவிட்டு மறந்துபோவதற்கு. கடைசியில் மனிதர்களுக்கு வந்து சேர்ந்தது. இவன் இப்படி, இவள் இன்ன இடம் என்று ஒரு பொந்தில் போட்டு எழுதி ஒட்டிவிடுவது. மகள் சொன்னது அதை.

கணக்கில்கூட இந்தப் பெயரில் ஒரு விதி இருக்கிறதாம். பொந்தைவிடப் புறா அதிகமானால் ஏதாவது ஒரு பொந்தில் இரண்டு புறா இருந்தே தீரும். தாராவியில் இதைப் புத்தகம் போட்டுச் சொல்லவேண்டியதில்லை.

நிஜப் புறாக்களின் கதை வேறு. செம்பூரில் நான் இருக்கும் கட்டடத்தில் ஜன்னலுக்கு ஜன்னல் வலை கட்டியிருக்கிறோம். இரண்டாம் மாடிக்காரர் ரகசியமாகத் தானியம் போடுகிறார் என்று சொசைட்டி கூட்டத்தில் வருஷம் தவறாமல் சண்டை. என் வீட்டு வலையில் ஒரு கிழிசல் இருக்கிறது. தைக்கச் சொல்லி நோட்டீஸ் வந்திருக்கிறது. இன்னும் தைக்கவில்லை.

மகள் போனை வைப்பதற்கு முன் இன்னொன்றும் கேட்டாள். "உன் ஹாலில் பழைய ரேக் இருக்கு இல்ல, தாத்தா கடையோடது? என் ஃப்ரெண்ட் வீட்டில் அதே மாதிரி ஒன்னு பார்த்தேன். செம லுக். எனக்குக் கொடும்மா. கார்ப்பெண்டர் வெச்சு அந்தப் பேப்பரெல்லாம் சுரண்டிட்டு, சின்னச் சின்னச் செடி வைக்கப் போறேன்."

அந்தப் பேப்பரெல்லாம் என்று அவள் சொன்னது ஊர்ப் பெயர்களை. அவளுக்குத் தமிழ் எழுத்துக் கூட்டத்தான் தெரியும். நாற்பத்திரண்டையும் கூட்டிப் படிக்க அவளுக்குப் பொறுமை கிடையாது. படித்திருந்தால் நாற்பத்தொன்றுதான் ஊர் என்று தெரிந்திருக்கும். கடைசி வரிசையில் வலது ஓரம் ஒரு மனுஷியின் பெயர் இருக்கிறது. ஜெயக்கொடி.

தேங்காயெண்ணெயும் தோல் பசையும்

ஜெயா இலந்தைக்குளத்துப் பெண். வேப்பங்காட்டுச் செல்லத்துரையை நம்பி ரயிலேறி வந்துவிட்டவள். செல்லத்துரை தோல் பை தைக்கும் பட்டறையில் வேலை பார்த்தான். நல்ல பையன்தான். ஆனால் இரண்டு ஊருக்கும் ஆகாது, இரண்டு வீட்டுக்கும் ஆகவே ஆகாது.

வந்த முதல் வாரம் அவள் எங்கள் கடைக்கு வந்தாள். மற்றப் பெண்களைப் பார்த்து, இயல்பாக இலந்தைக்குளத்துப் பொந்துக்குள் கைவிட்டாள். பெஞ்சில் டீ குடித்துக்கொண்டிருந்த அந்த ஊர்க்காரர் ஒருவர் எழுந்தார். எல்லோரும் அவரைப் பெரியண்ணன் என்பார்கள். சத்தம் போடவில்லை. "அந்தப் பொந்துல கை வைக்காத தாயி. அது எங்க ஊருக்குள்ளது" என்றார்.

ஜெயா கையை வெளியே எடுத்தாள். கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டாள். அதன் பிறகு அந்தப் பக்கம் திரும்பிக்கூடப் பார்த்ததில்லை.

ஆனால் தினமும் வந்தாள். ஒரு பாக்கெட் காப்பித்தூள் வாங்குவது சாக்கு. துவரம்பருப்பு மூட்டை மேல் ஏறி உட்கார்ந்துகொண்டு, நான் படிக்கும் இங்கிலீஷ் புத்தகத்தைப் பிடுங்கித் தலைகீழாக வைத்துப் பார்ப்பாள். "என்ன எளவு எழுத்து இது, எறும்பு ஊருத மாரி. ஒமக்கு இது பேசுமா செல்விக்கா?" என்பாள். வீட்டில் பைகளுக்கு உள்துணி ஒட்டுவாள். அவள் வந்தால் தேங்காயெண்ணெய் வாசனையும் தோல் பசை நெடியும் சேர்ந்தே வரும். விரல் நுனியில் காய்ந்த பசையை உரித்துக்கொண்டே பேசுவாள். சிரிக்க ஆரம்பித்தால் மூட்டையிலிருந்து விழுந்துவிடுவாள் போல இருக்கும்.

வெள்ளிக்கிழமைகளில் இரண்டு பேரும் மாட்டுங்காவுக்கு நடந்து போவோம். ஸ்டேஷன் பக்கம் பூக்கடைகளில் கதம்பம் வாங்குவாள். எங்கள் சந்திலேயே பூ கிடைக்கும். ஆனால் மாட்டுங்காவில்தான் மரிக்கொழுந்து வைத்துக் கட்டுவார்கள். அவள் அம்மா அப்படித்தான் கட்டுவாளாம். நடக்கிறபோது என் கையைப் பிடித்துக்கொள்வாள். எனக்குக் கூடப் பிறந்தவர்கள் யாரும் இல்லை. அந்தக் கைப்பிடி இப்போதும் எனக்கு வேண்டியிருக்கிறது. அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

காப்பித்தூளை வாங்கியதும் கேட்பாள். "எனக்கு எதும் வந்துருக்காக்கா?"

நான் எழுந்து, வேப்பங்காட்டுப் பொந்தில் கைவிட்டுப் பார்ப்பேன். "இல்லட்டி."

"சரி. நாளைக்கு வரும்" என்று அவளே சொல்லிக்கொள்வாள்.

ஒரு கை தூரம்

நான் இலந்தைக்குளத்துப் பொந்தில் பார்க்கவில்லை.

ஏன் என்று இத்தனை வருஷமாக என்னையே கேட்டுக்கொண்டிருக்கிறேன். அவளைத்தான் தொடக்கூடாது என்றார்கள். கடைக்காரர் மகளான என்னை யார் தடுத்தது? வேப்பங்காடு கீழே, இலந்தைக்குளம் மேலே; நிமிர்ந்தால் ஒரு கை தூரம்தான். அவள் அம்மா எழுதினால் அது இலந்தைக்குளத்தில்தான் விழும் என்று தினம் தபால் பிரிக்கிற எனக்குத் தெரியாதா?

தெரியும். ஆனால் அந்த ஊர் அவளைக் கழித்துவிட்டது என்பதை நானும் மனசுக்குள் ஒப்புக்கொண்டிருந்தேன். அந்த ஊர்ப் பொந்தில் இவளுக்கு என்ன வரப்போகிறது என்று நினைத்தேன். பெரியண்ணன் வாயால் சொன்னார். நான் சொல்லாமலே செய்தேன். இதுதான் என் தப்பு, மற்றதெல்லாம் இதிலிருந்து வந்தது.

ஊதா மைக் கடிதத்தை நான் போட்ட நாள் நன்றாக நினைவிருக்கிறது. அன்றுதான் அந்த மழையில் முதல் தடவையாகக் கடைக்குள் தண்ணீர் வந்தது. சர்க்கரை மூட்டையை மேசை மேல் ஏற்றினோம். ஆடி அமாவாசைக்கு அன்றைக்கு இன்னும் மூன்று வாரம் இருந்தது. ஊரில் கோயிலுக்கு அனுப்ப வேண்டிய சாமான்களுக்கு ஆட்கள் அப்போதே சொல்லிவைத்துக்கொண்டிருந்தார்கள்.

அந்த மூன்று வாரமும் ஜெயா தினமும் கேட்டாள். நான் தினமும் இல்லை என்றேன்.

துடைத்த நாள்

அமாவாசை போய் எட்டாம் நாள். மழை வெறித்திருந்தது. பொந்துகளில் பூஞ்சை பிடித்திருந்ததால் வேப்பெண்ணெய் தொட்டுத் துடைத்துக்கொண்டிருந்தேன். இலந்தைக்குளத்தில் துணியை விட்டபோது பின்பலகையோடு ஒட்டிக்கொண்டு ஏதோ தடுக்கியது. பெயர்த்து எடுத்தேன்.

ஊதா மை. முதல் முறையாக முன்பக்கம் திருப்பினேன். 'ஜெயக்கொடி' என்று இருந்தது.

தபால் முத்திரையின் தேதி ஈரத்தில் கலைந்து வெறும் கருப்புத் தீற்றலாக இருந்தது. ஓடிப்போய் அவள் வீட்டில் கொடுத்திருக்கவேண்டும். அதற்குள் அவளே வந்துவிட்டாள், காப்பித்தூளுக்கு.

என் கையில் கடிதத்தைப் பார்த்ததும் அவளுக்குத் தெரிந்துவிட்டது. பிடுங்கி, பல்லால் ஓரத்தைக் கிழித்தாள். அவள் மூன்றாம் வகுப்பு. எழுத்துக்கூட்டி, சத்தமாகத்தான் படிக்கத் தெரியும். ஆகவே நானும் கேட்டேன்.

"ஜெயாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது. பக்கத்து வீட்டுப் பிள்ளையை வைத்து எழுதுகிறேன். ஆடி அமாவாசைக்கு நம் ஊர்ப் பெண்களெல்லாம் சொரிமுத்தையனார் கோயிலுக்கு வருகிறோம். உன் ஐயா வரவில்லை. ஆற்றில் குளிக்கிற இடத்தில் நான் தனியாக நிற்பேன். நீ வா. யாரிடமும் சொல்லவேண்டாம். உன்னை ஒரு தடவை பார்த்துவிட்டால் போதும்."

தேதி போடவில்லை. அந்தப் பக்கத்து வீட்டுப் பிள்ளைக்குத் தேதி போடத் தோன்றவில்லை.

ஜெயா நிமிர்ந்தாள். "இது எப்பம்க்கா வந்துச்சி?"

எத்தனையோ வார்த்தைகள் இருந்தன. 'நான் பார்க்காமல் விட்டுவிட்டேன்' என்று சொல்லியிருக்கலாம். அவள் என்னை அடித்திருக்கலாம், மூட்டையைப் பிரித்துப் பருப்பையெல்லாம் தெருவில் கொட்டியிருக்கலாம். அவள் முகத்தைப் பார்த்த அந்த நொடியில் என் வாயிலிருந்து வந்தது இதுதான்.

"இப்பத்தாட்டி. இன்னைக்குத் தபால்ல."

அவள் விரலை மடக்கி எண்ணினாள். "ஊர்லருந்து லெட்டரு வர அஞ்சி நாளு. அமாவாசை போயி எட்டு நாளாச்சி." மறுபடி எண்ணினாள். "அப்பம் கோயிலுக்கெல்லாம் போயிட்டு வந்த பெறவுல்லா போட்டிருக்கா."

மழையில் எங்காவது தேங்கிக் கிடந்திருக்கும் என்று இன்னொரு பொய்யாவது நான் சொல்லியிருக்கவேண்டும். அதுகூட வரவில்லை. துணியை மறுபடி வேப்பெண்ணெயில் தோய்த்தேன்.

"வரக்கூடாதுன்னுதான் பிந்திப் போட்டிருக்கா. கூப்புட்டோம்னும் ஆச்சி, வரலங்கதும் ஆச்சி. எங்கம்மா கெட்டிக்காரி செல்விக்கா." அவள் சிரித்தாள். மூட்டையிலிருந்து விழுகிற சிரிப்பு இல்லை அது. கடிதத்தை நாலாக மடித்து ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டாள். காப்பித்தூளை மறந்து போய்விட்டாள்.

அதன் பிறகு அவள் கடிதம் கேட்கவே இல்லை. கடைக்கும் குறைவாகத்தான் வந்தாள். ஊருக்கு எழுதுவதையும் விட்டுவிட்டாள் என்று செல்லத்துரை அப்பாவிடம் சொன்னான்.

நான் பெரியண்ணனைப் பிடித்துக் கேட்டேன். தினம் அந்தப் பொந்தில் கைவிட்டவர் அவர். தயக்கமில்லாமல் சொன்னார். "பாத்தோம்மா. எங்க ஊரு லெட்டருதான். ஆனா ஆளு எங்க ஆளு இல்லல்லா. எடுக்கதுக்கும் மனசு வரல, கிழிக்கதுக்கும் மனசு வரல. உள்ள தள்ளி வச்சோம்."

அவர் மேல் எனக்குக் கோபம் வந்தது. கோபப்பட எனக்கு யோக்கியதை இல்லை என்றும் தெரிந்தது.

மான்குர்த் வரை

மறு வாரம் காலண்டர் தாளைக் கத்தரித்து 'ஜெயக்கொடி' என்று எழுதி, மிச்சமிருந்த கடைசிப் பொந்தில் செருகினேன். அப்பா பார்த்தார். அவருடைய சட்டத்தில் ஆள் பெயருக்கு இடமில்லை. ஆனாலும் அதை இருக்கவிட்டார். ஜெயா வந்தால் காட்டவேண்டும், காட்டிக்கொண்டே உண்மையைச் சொல்லிவிடவேண்டும் என்று வைத்திருந்தேன். அவள் வந்த இரண்டு மூன்று தடவையும் கடையில் கூட்டம். கூட்டம் என்பது என் சாக்கு. கூட்டம் இல்லாத நாளிலும் நான் சொல்லியிருக்கமாட்டேன்.

பொங்கல் கழிந்ததும் அவர்கள் மான்குர்த் பக்கம் குடிபோய்விட்டார்கள். போகிறபோது அவள் சொல்லிக்கொள்ள வந்தாளாம். எனக்கு அன்று ஆபீசில் நேர்முகத் தேர்வு.

அதற்குப் பிறகு எனக்கு வேலை, கல்யாணம், செம்பூர், மகள். தேடினேன் என்று எழுத ஆசைதான். பத்து வருஷம் தேடவில்லை என்பதுதான் நிஜம். அப்பா இறந்த வருஷம் கடையைக் கொடுத்துவிட்டுப் பெட்டியை மட்டும் வீட்டுக்குக் கொண்டுவந்தேன். அதன் பிறகுதான் ஒருநாள் மான்குர்த்துக்குப் போனேன். ஹார்பர் லைன் ரயிலில் செம்பூரிலிருந்து இரண்டு ஸ்டேஷன். இரண்டே ஸ்டேஷன்! அந்த வரிசை வீடுகளை இடித்திருந்தார்கள். ஒரு தமிழ் டீக்கடைக்காரர், "பை தைக்கிற செல்லத்துரையா? தாணே பக்கம் போயிட்டாங்களே, ரொம்ப நாளாச்சு" என்றார். தாணே என்ன, ஒரு சந்தா?

இப்போது மகள் வீட்டுக்குப் போகும்போதெல்லாம் தாணே ஸ்டேஷனில் என் கண் நிலைகொள்வதில்லை. என் வயதில், கொஞ்சம் இளையவளாக, விரல் நுனியை உரித்துக்கொண்டு யாராவது நிற்கிறாளா என்று பார்க்கிறேன். கோயில் பக்கம் போனால், மரிக்கொழுந்து கேட்டு யாராவது பேரம் பேசினால் நின்றுவிடுகிறேன். "என்னம்மா, யாரைத் தேடுற?" என்று மகள் கேட்டால் ஒன்றுமில்லை என்பேன். அந்த 'இல்லை' என் வாயில் ஊறிப்போய்விட்டது.

வீட்டில் அந்தப் பெட்டியில் இன்று மாத்திரை, கரண்ட் பில், மூக்குக் கண்ணாடி, சாவி எல்லாம் கிடக்கின்றன. எந்த ஊரில் எது என்று எனக்கு அத்துப்படி. கடைசிப் பொந்தில் மட்டும் எதையும் வைத்ததில்லை. அதில் ஒரு கடிதமும் வந்ததில்லை.

மகளுக்கு நேற்று போன் செய்தேன். பெட்டியை எடுத்துக்கொள், செடி வை, ஆனால் பேப்பரைச் சுரண்டாதே என்றேன். "ஏன்?" என்றாள். சொன்னேன், முதல் முறையாக, முழுக் கதையையும். பிறகு, "அந்த ஆன்ட்டி தாணேயில்தான் இருக்காங்களா அம்மா?" என்று கேட்டாள். தெரியாது என்றேன். "அவங்களுக்குத் தமிழ் படிக்கத் தெரியுமா?"

தெரியும். எழுத்துக்கூட்டி, சத்தமாக.

அதனால்தான் இந்த வாரம் இதை எழுதினேன். இதழ் வந்ததும் இந்தப் பக்கத்தைக் கிழித்து, நாலாக மடித்து, அந்தப் பொந்தில் வைக்கப்போகிறேன். எங்கேயாவது ஒரு பலசரக்குக் கடையில், பொட்டலம் மடித்த தாளிலாவது இது உன் கைக்கு வந்தால், நிதானமாகக் கூட்டிப் படி ஜெயா.

அந்தக் கடிதம் அன்றைக்கு வரவில்லை. அமாவாசைக்கு மூன்று வாரம் முன்பே வந்துவிட்டது. நான்தான் பார்க்கவில்லை. பிறகு பொய்யும் சொன்னேன்.

உன் அம்மா பிந்திப் போடவில்லை. நீ வருவாய் என்று ஆற்றில் நின்றிருக்கிறாள்.